குழாயடியில் ஒன்பது பேர்

ஆகஸ்ட் 9

மாப்பிள்ளைக்கு,

உங்கள் சம்மன் கிடைத்தது. நேற்றுக் காலை கடையில் ஓர் அம்மாளுக்குப் புதுக் கண்ணாடியை மாட்டிவிட்டு, "எழுத்து தெரியுதா பாருங்க" என்று செய்தித்தாளை நீட்டிய நேரம் பார்த்து நீதிமன்ற ஊழியர் வந்து நின்றார். அந்த அம்மாள் செய்தித்தாளை விட்டுவிட்டு என் சம்மனைத்தான் படித்தார். "நல்லா தெரியுதுங்க. மனுதாரர்னு போட்டிருக்கு. அட, இது உங்க மருமகன் பேராச்சே!" என்றார். கண்ணாடி சரியாக அமைந்துவிட்டது என்பதில் மட்டும் எனக்குத் திருப்தி.

இரண்டு தெரு தள்ளி இருக்கும் உங்கள் வீட்டுக்கு நடந்தே வந்து நாலு வார்த்தை நறுக்கென்று கேட்டுவிடலாம் என்று செருப்பைக்கூட மாட்டிவிட்டேன். என் வக்கீல் தடுத்துவிட்டார். வழக்கு முடியும்வரை எதிர்த்தரப்போடு ஒரு வார்த்தை பேசக் கூடாதாம். பேசக் கூடாது என்றுதான் சொன்னார், எழுதக் கூடாது என்று சொல்லவில்லை. அதனால்தான் இந்தக் கடிதம்.

உங்கள் மனுவை உட்கார்ந்து படித்தேன். பள்ளிச் சங்கத்தின் விதிப்படி, நிர்வாகக் குழுவைத் தேர்ந்தெடுக்கும்போது ஐம்பது பேர் கூடத்தில் இருக்க வேண்டும். அன்று வந்தவர்கள் ஐம்பத்தைந்து. பழைய குழுவினரான நாங்கள் ஒன்பது பேர் எழுந்து வெளியே போய்விட்டோம். உள்ளே மிச்சம் நாற்பத்தாறு. ஆகவே தேர்தல் செல்லாது, செயலாளராகிய நானும் செல்லாக்காசு. கூட்டல் கழித்தலில் உங்களை அடித்துக்கொள்ள ஆளில்லை.

நாங்கள் என்ன காற்று வாங்கவா வெளியே போனோம்? நாலு பெற்றோர் சேர்ந்து அந்தப் பள்ளியைத் தொடங்கிய நாளிலிருந்து அதுதான் வழக்கம். எதிரே உட்கார்ந்திருக்கும் ஆளின் முகத்தைப் பார்த்துக்கொண்டு "இவர் வேண்டாம்" என்று யார் கை தூக்குவார்கள்? பழைய ஆட்கள் வெளியே போய்விட்டால் இருப்பவர்கள் கூச்சமில்லாமல் தூக்கலாம். நாங்கள் எழுந்து போனபோது நீங்கள் இரண்டாவது வரிசையில் குத்துக்கல் மாதிரி உட்கார்ந்திருந்தீர்கள். வாய் திறக்கவில்லை. உங்கள் அணி தோற்ற பிறகுதான் எண்ணிக்கை ஞாபகம் வந்ததா? பல் பிடுங்கப் போகிறேன் என்று நோயாளியிடம் முதலிலேயே சொல்லிவிட்டுத்தானே பிடுங்குவீர்கள்?

இப்படிக்கு,
முதல் எதிர்மனுதாரர்
(உங்கள் மாமனாரும்கூட)


ஆகஸ்ட் 14

மாமாவுக்கு வணக்கம்.

உறைமேல் "மனுதாரர் அவர்கள்" என்று எழுதியிருந்ததால் உங்கள் மகள்தான் முதலில் பிரித்தாள். படித்துவிட்டுச் சிரித்தாள். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. "ரெண்டு பேரும் சேர்ந்து என்னை நடுத்தெருவுல நிக்க வெச்சுட்டீங்க. நான் யார் பக்கமும் பேச மாட்டேன். என்கிட்டயும் இதைப் பத்தி யாரும் பேச வேண்டாம்" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். அதிலிருந்து வீட்டில் உப்பு வேண்டும் என்றால்கூடத் தயங்கித்தான் கேட்கிறேன்.

நீங்கள் வெளியே போனபோது எனக்கு அந்த ஐம்பது பேர் விதி தெரியாது. சத்தியமாகத் தெரியாது. தோற்ற பிறகு வக்கீலிடம் போனேன். அவர்தான் விதிப் புத்தகத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டுக் கண்டுபிடித்தார். தெரிந்துகொண்டே வாய்மூடி இருந்தேன் என்று நீங்கள் நினைப்பதுதான் எனக்கு வலிக்கிறது.

ஏன் போட்டியிட்டேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். அதே ஒன்பது பேர், அதே நாற்காலி. கட்டெறும்பு (உங்கள் பேத்திக்கு அந்தப் பெயரை வைத்தது நீங்கள்தான்) இறுதி வகுப்புக்கு வந்துவிட்டாள். இன்றுவரை சோதனைக்குழாயைப் படத்தில்தான் பார்த்திருக்கிறாள். ஆய்வுக்கூடம் கட்டுங்கள் என்று எத்தனை பொதுக்குழுவில் கேட்டேன். ஒவ்வொரு முறையும் "பார்க்கலாம்" என்றீர்கள். கண்ணாடிக் கடைக்காரர் பார்க்கலாம் என்றால் என்றைக்காவது பார்ப்பார் என்று நம்பினேன்.

இப்போது அதைவிடப் பெரிய தலைவலி. இறுதித் தேர்வுக்கான விண்ணப்பங்களைக் கல்வி அலுவலகம் திருப்பி அனுப்பிவிட்டது உங்களுக்கும் தெரிந்திருக்கும். வழக்கு நடக்கும்போது யார் கையெழுத்தை ஏற்பது என்று கேட்கிறார்கள். செல்லுபடியான குழுவின் செயலாளர் கையெழுத்தோடு நவம்பர் பத்துக்குள் வராவிட்டால் இந்த வருடம் நம் பிள்ளைகள் யாரும் தேர்வு எழுத முடியாதாம். இப்படி ஆகும் என்று நான் நினைக்கவே இல்லை, மாமா.

மருமகன்


ஆகஸ்ட் 17

மாப்பிள்ளைக்கு,

நினைக்கவில்லையா? வழக்கு என்பது ஆடுகிற பல்லா, ஒன்றை மட்டும் பிடுங்கிவிட்டு மற்றதைத் தொடாமல் விட?

ஒரே வழி இருக்கிறது. வழக்கைத் திரும்பப் பெறுங்கள். அன்றைக்கே கையெழுத்துப் போட்டு நானே விண்ணப்பங்களைக் கல்வி அலுவலகத்துக்கு எடுத்துக்கொண்டு போகிறேன். கட்டெறும்பு நேற்றுக் கடைக்கு வந்தாள். காட்சிப் பெட்டியில் இருந்த கறுப்புக் கண்ணாடிகளை ஒவ்வொன்றாக மாட்டிப் பார்த்தாள். போகும்போது, "தாத்தா, நான் பரீட்சை எழுதுவேனா மாட்டேனா? அதை மட்டும் சொல்லிடுங்க" என்றாள்.

முதல் எதிர்மனுதாரர்


ஆகஸ்ட் 20

மாமாவுக்கு,

நீங்கள் ஒன்பது பேரும் விலகிக்கொண்டு புதுத் தேர்தல் வைப்பதாக எழுதிக் கொடுங்கள். அன்றைக்கே நான் வழக்கைத் திரும்பப் பெறுகிறேன். அந்தக் கேள்வியைக் கட்டெறும்பு உங்களிடம் மட்டுமில்லை, என்னிடமும் கேட்டுவிட்டாள்.

மருமகன்


செப்டம்பர் 4

மாமாவுக்கு வணக்கம்.

என் கடைசிக் கடிதத்துக்கு உங்களிடமிருந்து பதில் இல்லை. நேற்று நீதிமன்றத்தில் நீங்கள் என்னைப் பார்க்காத மாதிரி சுவரைப் பார்த்தீர்கள். நான் மேலே சுற்றிய மின்விசிறியைப் பார்த்தேன். ஆனாலும் நேற்று நடந்ததை உங்களைத் தவிர வேறு யாரிடமும் சொல்லத் தோன்றவில்லை.

நான் இதுவரை நீதிமன்றத்துக்குள் கால் வைத்ததில்லை. கொலை, நிலம், பாகப்பிரிவினை என்று எத்தனையோ இருக்க, ஒரு பள்ளிச் சங்கத் தேர்தலை யார் சட்டை செய்யப் போகிறார்கள், நீதிபதி கொட்டாவி விட்டுக்கொண்டே அடுத்த தேதி கொடுத்து அனுப்புவார் என்று நினைத்திருந்தேன். அறையும் அதற்கு ஏற்ற மாதிரிதான் இருந்தது. ஜன்னல் கதவு ஒன்றைக் கயிற்றால் கட்டி வைத்திருந்தார்கள். அலமாரி நிறைந்து, மேசை நிறைந்து, தரையிலும் கட்டுக்கட்டாகக் காகிதம். அந்தக் காகிதங்களுக்குப் பின்னால் நீதிபதி அம்மாவின் தலை மட்டும்தான் தெரிந்தது.

என் வக்கீல் எழுந்து பதினோராம் விதியை ஏற்ற இறக்கத்தோடு படித்தார். ஐம்பது பேர், கூடத்துக்குள், அது இது என்று. அந்த அம்மா நிமிராமலே, "அதே விதியோட கடைசி வரியையும் படிச்சிடுங்க" என்றார். கடைசி வரி என்று ஒன்று இருப்பதே என் வக்கீலுக்குத் தெரியாது. முகத்தில் ஈயாடவில்லை. பக்கத்தைத் திருப்பித் தேடி எடுத்துப் படித்தார். கூட்டத்தில் பேசுவது காதில் விழும் தூரத்தில் நிற்பவரையும் வந்தவராகவே கணக்கில் கொள்ள வேண்டும் என்று இருக்கிறது. கைக்குழந்தையோடு வராந்தாவில் நிற்கும் தாய்மார்களுக்காக அந்தக் காலத்தில் சேர்த்த வரியாம். நம் பள்ளியின் முப்பது பக்க விதிப் புத்தகத்தை, நம் பள்ளியையே பார்த்திராத ஒருவர், வரி விடாமல் படித்துவிட்டு வந்திருக்கிறார்.

அதோடு விடவில்லை. பேனாவை மூடிவிட்டு, "வழக்கு கிடக்கட்டும். இது முடியற வரைக்கும் அந்தப் பிள்ளைங்களோட பரீட்சை விண்ணப்பத்துல யார் கையெழுத்துப் போடுவா?" என்று கேட்டார். உங்கள் வக்கீல் என் வக்கீலைப் பார்த்தார். என் வக்கீல் உங்கள் வக்கீலைப் பார்த்தார். இருவருடைய மனுவிலும் பிள்ளைகள் என்ற வார்த்தையே இல்லை. மற்ற வழக்குகளைத் தள்ளி வைத்து நமக்கு இந்த மாதமே தேதி கொடுத்தார்.

வெளியே வந்து படியில் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டேன். மலைப்பாக இருந்தது, மாமா. இத்தனை காகிதத்துக்கு நடுவே நம் பிள்ளைகளை அவர் எப்படித் தேடி எடுத்தார்?

மருமகன்


செப்டம்பர் 7

மாப்பிள்ளைக்கு,

சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாலும் காது திறந்துதான் இருந்தது.

நானும் அசந்துதான் போனேன். பார்வை மங்கி வருகிறவர்களிடம் வில்லையை மாற்றி மாற்றி வைத்து, "இதுல நல்லா இருக்கா, இதுல நல்லா இருக்கா" என்று கேட்பேன். சரியான வில்லை விழுந்ததும் அவர்கள் முகம் சட்டென்று விரியும். அந்த அம்மா பிள்ளைகளைப் பற்றிக் கேட்டபோது என் முகமும் அப்படித்தான் இருந்திருக்கும். உங்களைப் பற்றி, ஆய்வுக்கூடத்தைப் பற்றி, நம் குடுமிப்பிடியைப் பற்றி ஒரு மாதமாகப் புலம்பிக்கொண்டிருந்தேன். எல்லாம் சின்னதாகிவிட்டது.

அதற்காக நீங்கள் செய்தது சரி என்று நான் சொல்லிவிட்டதாக உங்கள் வக்கீலிடம் போய்ச் சொல்லி வைக்காதீர்கள்.

அடுத்த தேதியில் என்னைச் சாட்சிக் கூண்டில் ஏற்றுகிறார்கள். என் வக்கீல் தினமும் கடை சாத்தும் நேரத்துக்கு வந்து பாடம் நடத்துகிறார். இப்படிக் கேட்டால் இப்படிச் சொல்லுங்கள், அப்படிக் கேட்டால் அப்படிச் சொல்லுங்கள் என்று. சின்ன வயதிலிருந்தே எனக்குப் பாடம் ஏறாது. உங்கள் மாமியார் உயிரோடு இருந்தால் அவரே சாட்சி சொல்வார்.

மாமனார்


செப்டம்பர் 19

மாமாவுக்கு,

நேற்றிரவு சாப்பிட உட்கார்ந்தேன், இறங்கவில்லை. உங்கள் மகள் என்ன ஆயிற்று என்று கேட்டாள். நீங்கள் கூண்டில் நின்று சொன்னதை அப்படியே சொன்னேன். அவள் தன் தட்டை நகர்த்தி வைத்துவிட்டு அழுதாள்.

விசாரணை தொடங்கும் முன் என் வக்கீல் என் காதருகே வந்து, "உங்க மாமனார் 'உள்ள பேசினது காதுல விழுந்துச்சு'ன்னு ஒரு வார்த்தை சொல்லிட்டா நம்ம கதை முடிஞ்சுதுங்க. இல்லைன்னு நிரூபிக்க நம்மகிட்ட ஒண்ணுமே இல்ல. வெளிய நின்ன ஒன்பது பேரும் அவர் ஆளுங்க" என்றார். உங்கள் வக்கீலுக்கும் அது தெரியும். உங்களுக்கும் தெரியும். அந்த அறையில் அது தெரியாதவர் யாரும் இல்லை.

உங்கள் வக்கீல் சுற்றி வளைக்காமல் கேட்டார். "கூட்டத்துல பேசினது உங்க காதுல விழுந்துதுங்களா?" ஆமாம் என்ற பதிலுக்கு அவர் ஏற்கெனவே தலையை ஆட்டத் தொடங்கிவிட்டார்.

"இல்லைங்க" என்றீர்கள். "விழக்கூடாதுன்னுதான் குழாயடிக்குப் போவோம்."

ஆட்டிய தலை பாதியில் நின்றது. நீதிபதி அம்மாதான் கேட்டார், எந்தக் குழாயடி என்று.

"மைதானத்துக்கு அந்தப் பக்கம்மா. பிள்ளைங்க கை கழுவற இடம். வரிசையா குழாய் இருக்கும். எல்லாத்தையும் திறந்து விட்டுட்டு நிப்போம்."

"திறந்து விட்டுட்டா? எதுக்கு?"

"சில பேருக்குக் குரல் கொஞ்சம் பெரிசுங்க. 'இந்த ஆள் வேண்டாம்'னு அவங்க பேசினா மைதானம் தாண்டிக் கேட்டுடும். யார் சொன்னாங்கன்னு தெரிஞ்சு போயிடும். மறுநாள் அவங்க மூஞ்சியைப் பார்க்கறப்ப நம்ம மனசுல அது இருக்கும் இல்லீங்களா? அவங்க பிள்ளை நம்ம பள்ளிக்கூடத்துல படிக்குது. அதனால தண்ணிச் சத்தத்துல நின்னுக்கறது. முடிஞ்சதும் யாராவது வந்து கூப்பிடுவாங்க."

"தண்ணி வீணாப் போகாதா?"

"தோட்டத்துப் பாத்திக்கு வாய்க்கால் வெட்டி விட்டிருக்குங்க."

அறையில் யாரோ சிரித்தார்கள். அந்த அம்மா சிரிக்கவில்லை. பேனாவைக் கீழே வைத்துவிட்டு உங்களைப் பார்த்துக்கொண்டே இருந்தார். வாக்குமூலத்தைத் தட்டச்சு செய்தவரும் நிறுத்திவிட்டார். இத்தனை வருடமாக நான் அந்தக் கூடத்துக்குள் உட்கார்ந்து கை தூக்கியிருக்கிறேன், உங்களுக்கு எதிராகவும் தூக்கியிருக்கிறேன். அதற்காக மைதானத்தின் அந்தப் பக்கத்தில் ஒன்பது பேர் குழாயைத் திறந்துவிட்டு நின்றார்கள் என்பது எனக்குத் தெரியாது. யாரும் சொன்னதில்லை. நீங்களும் சொன்னதில்லை.

அந்த ஒரு "இல்லைங்க"வில் வழக்கு என் கைக்கு வந்துவிட்டது. என் வக்கீல் என் முதுகில் தட்டினார். எனக்கு அவர் கையைத் தட்டிவிட வேண்டும் போல் இருந்தது.

மருமகன்


செப்டம்பர் 22

மாப்பிள்ளைக்கு,

கேட்டார்கள், சொன்னேன். அதற்கு இத்தனை பெரிய கடிதம் எதற்கு? என் மகளை அழ வைத்ததற்குத் தனியாக ஒரு நாள் உங்களைக் கவனித்துக்கொள்கிறேன்.

இங்கே நிலைமை சரியில்லை. பொருளாளர் (அதுதான், நம் கம்பிக்கடைக்காரர்) கடை வாசலில் நின்று, "ஒரு ஆமா சொல்ல வாய் வலிச்சுதா உங்களுக்கு? எல்லாரையும் சேர்த்துக் கவுத்துட்டீங்களே!" என்று தெருவே கேட்கக் கத்திவிட்டுப் போனார். மற்றவர்கள் கத்தவில்லை. அதுதான் இன்னும் மோசம். வக்கீல் மாலைப் பாடத்தை நிறுத்திவிட்டார்.

உங்களுக்கு விட்டுக்கொடுத்தேன் என்று மட்டும் நினைத்துவிடாதீர்கள். ஆய்வுக்கூடத்தில் நான் இன்னும் நின்ற இடத்திலேயேதான் நிற்கிறேன். அமிலத்தைப் பிள்ளைகள் கையில் கொடுத்துவிட்டு யார் ராத்திரி தூங்குவது?

மாமனார்


அக்டோபர் 9

மாமாவுக்கு வணக்கம்.

தீர்ப்பு நேற்று வந்துவிட்டது. நீங்கள் வரவில்லை. தேர்தல் செல்லாது என்று சொல்லிவிட்டார்கள். இதற்கு முந்தைய குழுக்கள் நல்லெண்ணத்தோடு செய்த எதையும் இது பாதிக்காதாம். நவம்பர் ஒன்றாம் தேதி நம் பள்ளிக் கூடத்திலேயே புதுத் தேர்தல். ரகசிய வாக்கெடுப்பு. நீதிமன்றம் நியமித்த ஒரு வக்கீல் அம்மா வந்து நடத்துவார். ஓட்டு எண்ணி முடியும்வரை ஐம்பது பேர் உள்ளேயே இருக்க வேண்டும். ஒருவர் குறைந்தாலும் வழக்கு மறுபடி நீதிமன்றத்துக்கு வரும். அடுத்த தேதி நவம்பர் பத்துக்குப் பிறகுதான்.

தீர்ப்பில் ஓர் இடத்தைப் படித்தபோது நீதிபதி அம்மாவின் குரல் தணிந்தது. எழுதி வைத்துக்கொண்டேன். "தமக்கு எதிராக வாக்களிப்பவர் யார் என்று அறியாமலிருக்கத் தண்ணீரைத் திறந்துவிட்டு நின்றவர்களை இந்த நீதிமன்றம் மதிக்கிறது. ஆனால் அவர்கள் கூட்டத்தில் இருந்தார்கள் என்று சொல்ல அவர்களே இடம் தரவில்லை." மதிக்கிறேன் என்று சொல்லிவிட்டுத் தோற்கடிக்க ஒருவருக்கு எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும்!

இப்போது கேட்கக் கூடாத ஒன்றைக் கேட்கிறேன். உங்கள் தரப்பு மேல்முறையீடு செய்தால் தேர்தலுக்குத் தடை கிடைத்துவிடும் என்கிறார்கள். கிடைத்தால் நவம்பர் பத்து போய்விடும். பிள்ளைகளின் ஒரு வருடம் போய்விடும். தயவு செய்து வேண்டாம், மாமா. உங்கள் காலில் வேண்டுமானாலும் விழுகிறேன்.

மருமகன்


அக்டோபர் 13

மாப்பிள்ளைக்கு,

கேட்கக் கூடாதது என்று தெரிந்தால் கேட்காமல் இருந்திருக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை எட்டுப் பேரும் என் வீட்டு முன்னறையில் வந்து உட்கார்ந்தார்கள். நாற்காலி போதாமல் இரண்டு பேர் கட்டிலில். மேல்முறையீட்டு மனுவைத் தட்டச்சு செய்தே கொண்டு வந்துவிட்டார்கள். பேனாவை மூடி கழற்றி என் கையில் வைத்தார் கம்பிக்கடைக்காரர். என் கையெழுத்து இல்லாமல் அது நகராது. போட்டேனா இல்லையா என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டிய கட்டாயம் இல்லை.

ஒன்றாம் தேதி நேரத்தோடு வந்து சேருங்கள். உங்கள் கிளினிக்கில் ஆட்களைக் காக்க வைக்கிற மாதிரி அங்கே காக்க வைக்காதீர்கள்.

மாமனார்


நவம்பர் 2

மாமாவுக்கு,

இன்று காலை கல்வி அலுவலகத்தில் எல்லா விண்ணப்பங்களிலும் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டு வந்தேன். வாங்கிக்கொண்டு முத்திரை குத்திவிட்டார்கள். கட்டெறும்பின் விண்ணப்பம் வந்தபோது, செயலாளர் என்ற இடத்தில் என் கையெழுத்து என் கையெழுத்து மாதிரியே இல்லை. ஜெயித்துவிட்டேன் என்று சொல்ல எனக்குக் கூச்சமாக இருக்கிறது. நேற்று நடந்தது யாருடைய ஜெயம் என்று அங்கே இருந்த எல்லோருக்கும் தெரியும்.

நேற்றுக் காலை வாசலில் நின்று வருகிறவர்களை ஒவ்வொருவராக எண்ணிக்கொண்டிருந்தேன். "உங்க குடும்பச் சண்டைக்கு நாங்க எதுக்குங்க" என்று பாதிப் பேர் வரவில்லை. கதவைச் சாத்தியபோது உள்ளே இருந்தவர்கள் ஐம்பத்து நாலு. அதில் உங்கள் தரப்பு ஒன்பது. யார் எந்தப் பக்கம் என்பது உட்கார்ந்த விதத்திலேயே தெரிந்தது. உங்கள் ஆட்கள் தோற்கப் போகிறார்கள் என்பது எனக்குத் தெரிந்த மாதிரியே கம்பிக்கடைக்காரருக்கும் தெரிந்துவிட்டது.

வக்கீல் அம்மா வாக்குச் சீட்டுக் கட்டைப் பிரிக்கும்போது அவர் எழுந்தார். "வாங்கப்பா, பழைய வழக்கத்தை விடுவானேன். வெளிய போய் நிப்போம்" என்றார். ஏழு பேர் சேர்ந்து எழுந்தார்கள். நாற்காலிகள் நகர்ந்த சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது. அவர்கள் எட்டுப் பேரும் அந்தக் கதவைத் தாண்டினால் தேர்தல் இல்லை, குழு இல்லை, பரீட்சை இல்லை. விதிப்படி அவர்களை யாரும் தடுக்கவும் முடியாது. வக்கீல் அம்மா சீட்டுக் கட்டைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றார். நான் என் மகளை நினைத்துக்கொண்டேன்.

நீங்கள் எழுந்திருக்கவில்லை. திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. உட்கார்ந்தபடியே, கடையில் ஆளிடம் பேசுகிற அதே குரலில் சொன்னீர்கள். "இத்தனை வருசம் நாம வெளிய போனது, இவங்க பயமில்லாம ஓட்டுப் போடணும்னு. இப்ப நீங்க போறது இவங்க ஓட்டே போடக் கூடாதுன்னு. போறவங்க போங்க. நான் எங்கயும் வரல."

நான் கடவுளையெல்லாம் அதிகம் கூப்பிடுகிற ஆள் இல்லை. நேற்றுக் கூப்பிட்டேன். ஒவ்வொருவராக உட்கார்ந்தார்கள், பெருமூச்சோடு, முணுமுணுப்போடு. கம்பிக்கடைக்காரரும் அவர் மைத்துனரும் மட்டும் கதவைத் திறந்துகொண்டு போனார்கள். ஐம்பத்திரண்டு. போதும்.

தோற்பதற்காக ஒரு மனிதர் நாற்காலியை விட்டு நகராமல் உட்கார்ந்திருந்ததை நான் பார்த்துவிட்டேன், மாமா. இனி என் வாழ்நாளில் நான் எதைப் பார்த்து வியந்தாலும் அது இதற்குக் கீழேதான்.

உங்கள் மகள் யாருக்கு ஓட்டுப் போட்டாள் என்று இரவு கேட்டேன். "ரகசிய வாக்கெடுப்பு" என்று சொல்லிவிட்டு விளக்கை அணைத்துவிட்டாள்.

ஒன்று மட்டும் மனதை அரிக்கிறது. சீட்டுகளைப் பிரித்து வக்கீல் அம்மா ஒவ்வொரு பெயராக வாசித்தபோது நீங்கள் கண்ணை மூடிக்கொண்டீர்கள். கடைசிவரை திறக்கவில்லை. முடிந்ததும் யாரிடமும் பேசாமல் போய்விட்டீர்கள். உங்களை அவ்வளவு நோகடித்துவிட்டேனா?

மருமகன்


நவம்பர் 4

மாப்பிள்ளைக்கு,

முத்திரை குத்திவிட்டார்கள் என்று கட்டெறும்பு ஓடி வந்து சொன்னாள். காட்சிப் பெட்டியில் இருந்த சிவப்புச் சட்டக் கண்ணாடி ஒன்றை அவளே எடுத்து மாட்டிக்கொண்டு போய்விட்டாள். பார்வையில் ஒரு குறையும் இல்லாதவளுக்குக் கண்ணாடி. போகட்டும்.

செயலாளர் ஆகிவிட்டீர்கள், சில விஷயங்களைக் கேட்டுக்கொள்ளுங்கள். மேற்குப் பக்கத்து வகுப்பறையில் மழை வந்தால் ஜன்னலோரப் பெஞ்சை நகர்த்த வேண்டும். ஆய்வுக்கூடம் கட்டுவீர்கள், தெரியும். கட்டினால் அமில அலமாரிச் சாவி ஆசிரியரிடம் மட்டும் இருக்கட்டும். அவ்வளவுதான். இனிமேல் மூக்கை நுழைக்க மாட்டேன்.

என்னை நோகடித்தீர்களா என்று கேட்டிருக்கிறீர்கள். தோற்றது வலிக்கவில்லை என்று சொன்னால் பொய். காலையில் கடைக்குப் போகும்போது கால் தானாகப் பள்ளிப் பக்கம் திரும்புகிறது, இழுத்து நேரே விடுகிறேன்.

ஆனால் நான் கண்ணை மூடியது அதனால் இல்லை. இத்தனை வருடம் தேர்தல் நடந்த ஒவ்வொரு முறையும் நான் தண்ணீர்ச் சத்தத்தில் நின்றவன். யாராவது ஓடி வந்து, "மறுபடியும் நீங்கதான்" என்பார்கள். உள்ளே வந்து உட்காருவேன். எத்தனை பேர் கை தூக்கினார்கள் என்று கேட்க மாட்டேன், கேட்கவும் கூடாது. வேறு ஆள் கிடைக்காமல்தான் என்னைப் போடுகிறார்கள் என்றே பல நேரம் நினைத்திருக்கிறேன்.

அன்றைக்கு அந்த வக்கீல் அம்மா முதல் சீட்டைப் பிரித்து உங்கள் பெயரை வாசித்தார். இரண்டாவதும் உங்கள் பெயர். மூன்றாவது சீட்டில் என் பெயர். அந்தக் கூடத்தில், அத்தனை பேருக்கு முன்னால், உரக்க. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் என் பெயர். யாரோ ஒருவர், எனக்குத் தெரியாத ஒருவர், மடித்த காகிதத்துக்குள் என்னை எழுதி வைத்திருக்கிறார். அப்புறம் இன்னொருவர். உங்கள் பெயர்தான் அதிகம் வந்தது. முதலில் எண்ணினேன், தோற்றாயிற்று என்று தெரிந்ததும் எண்ணுவதை விட்டுவிட்டேன். ஆனால் என் பெயர் வருவது நிற்கவில்லை, மாப்பிள்ளை. எங்கள் ஆட்கள் போக மீதி யார் அவர்கள்? எனக்கு எதற்குப் போட்டார்கள்? நான் அவர்களுக்கு என்ன செய்துவிட்டேன்?

இவ்வளவு பேருக்கு நான் வேண்டியவனாக இருந்திருக்கிறேன் என்று தோற்ற அன்றைக்குத்தான் என் காதில் விழுந்தது. சீட்டுகள் தீர்ந்து போகிறதைப் பார்க்க வேண்டாம் என்றுதான் கண்ணை மூடிக்கொண்டேன்.

மாமா